சுட்ட குடைமிளகாய் ஹம்முஸ்: நீர்த்துப் போகாமலும் காரம் மங்காமலும் செய்வது எப்படி?

கேட்டது இதுதான்: சிவப்புக் குடைமிளகாயைச் சுட்டுப் போட்டு வீட்டில் ஹம்முஸ் (கொண்டைக்கடலையையும் எள் விழுதையும் அரைத்துச் செய்யும் தொடுகறி) செய்தால் மூன்று குறை வருகிறது. கரண்டியிலிருந்து ஓடுகிற அளவுக்கு நீர்த்துவிடுகிறது, நாக்கில் நறநறவென்று இருக்கிறது, இத்தனை மிளகாய் போட்டும் காரமே தெரிவதில்லை. என்ன செய்யலாம்?

மூன்றுக்கும் காரணங்கள் வேறு வேறு. அதில் முதல் குறையைச் சரி செய்யாமல் மற்றதைத் தொட்டுப் பயனில்லை என்பதால் அங்கிருந்தே தொடங்குகிறேன்.

குடைமிளகாயின் எடையில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் தண்ணீர். பெரிய காய் இரண்டு எடுத்துச் சுட்டு, தோலையும் விதையையும் நீக்கினால் ஏறக்குறைய 200 கிராம் சதை கிடைக்கும். அதிலும் பெரும்பகுதி தண்ணீர்தான். சாதாரண ஹம்முஸ் செய்முறையில் கடலையை இளக்குவதற்கென்று தண்ணீர் ஏற்கெனவே இருக்கிறது. அதே அளவை வைத்துக்கொண்டு மேலே குடைமிளகாயையும் சேர்த்தால் முக்கால் கப் தண்ணீரைக் கூடுதலாக ஊற்றியது போலத்தான். அதனால் இந்த வகை ஹம்முஸில் குடைமிளகாயைச் சுவைக்காகச் சேர்க்கிற பொருளாக நினைக்காதீர்கள். அதுதான் இதில் தண்ணீர். எள் விழுதை இளக்குவதும் கடலையை இளக்குவதும் அதன் வேலை. வெறும் தண்ணீர் கடைசியில், தேவைப்பட்டால் மட்டும், ஸ்பூன் கணக்கில். இந்த ஒன்றை மனதில் வைத்துக்கொண்டால் மற்ற படிகளின் வரிசை தானாகவே விளங்கிவிடும்.

நான் எடுக்கும் அளவு: உலர்ந்த வெள்ளைக் கொண்டைக்கடலை 200 கிராம் (வெந்தபின் சுமார் 450 கிராம் ஆகும்), எள் விழுதான தஹினி 100 கிராம், பெரிய சிவப்புக் குடைமிளகாய் இரண்டு, காய்ந்த மிளகாய் மூன்று அல்லது நான்கு, எலுமிச்சைச் சாறு மூன்று மேசைக்கரண்டி, பூண்டு இரண்டு பல், வறுத்துப் பொடித்த சீரகம் அரை தேக்கரண்டி, உப்பு ஒரு தேக்கரண்டி, ஆலிவ் எண்ணெய் மூன்று மேசைக்கரண்டி. ஆறு பேர் தாராளமாகத் தொட்டுச் சாப்பிடலாம்.

முதலில் கடலை. நறநறப்புக்கு மிக்ஸியைக் குறை சொல்பவர்கள் நிறையப் பேர். எனக்குத் தெரிந்தவரை பத்துக்கு ஒன்பது முறை தவறு அடுப்பில்தான் நடந்திருக்கும். கடலை வெந்திருக்கும், ஆனால் ஹம்முஸுக்கு வேண்டிய அளவு வெந்திருக்காது. சாலட்டில் போடுகிற கடலை முழுதாக, கடிபடுகிற பதத்தில் இருக்க வேண்டும். ஹம்முஸுக்கு அது குழைந்து, தோல் கழன்று, பாத்திரத்தில் கிளறும்போதே உடைய வேண்டும். ஒன்றை எடுத்துக் கட்டைவிரலுக்கும் மோதிரவிரலுக்கும் நடுவே அழுத்திப் பாருங்கள். மோதிரவிரலுக்கு வலு குறைவு. அந்த வலுவுக்கே நடுவில் மணி எதுவும் தட்டாமல் வெண்ணெய் போல நசுங்கினால் சரி. இல்லையென்றால் இன்னும் பத்து நிமிடம் வேகட்டும்.

இரவு முழுக்க, குறைந்தது எட்டு மணி நேரம், கடலையின் அளவைப் போல நான்கு மடங்கு தண்ணீரில் ஊறவையுங்கள். ஊறிய தண்ணீரைக் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீரில் வேகவைக்கும்போது அரை தேக்கரண்டி சமையல் சோடா சேருங்கள். கடலையின் செல்களை ஒட்டவைத்திருப்பது பெக்டின் என்ற பொருள். சோடாவால் காரத்தன்மை (மிளகாயின் காரமல்ல, அமிலத்துக்கு எதிரான தன்மை) பெற்ற தண்ணீரில் அது சீக்கிரம் கரைந்துவிடும். அமிலம் இருந்தால் கரைய மறுக்கும். அதனால்தான் எலுமிச்சையோ தக்காளியோ சேர்த்து வேகவைத்த கடலை எத்தனை நேரமானாலும் விறைப்பாகவே நிற்கிறது. உப்புத் தன்மையுள்ள கடினமான தண்ணீர் வரும் வீடுகளில் கால்சியமும் இதே தொல்லையைச் செய்யும். அங்கே சோடா இன்னும் அவசியம். ஆனால் அரை தேக்கரண்டிக்கு மேல் போகவேண்டாம், சோப்பு போன்ற ஒரு வாடை வந்துவிடும்.

குக்கரில் வைப்பதானால் பாதிக்கு மேல் நிரப்பாதீர்கள். சோடா போட்ட கடலை நன்றாக நுரைத்து வரும், வால்வை அடைத்துக்கொள்ளும். நீராவி ஏறியபின் சிறுதீயில் 15 நிமிடம் வைத்து, தானாக அடங்கும்வரை விட்டுத் திறங்கள். திறந்த பாத்திரத்தில் ஒரு மணி நேரமோ அதற்கு மேலோ ஆகலாம், கடலை எவ்வளவு பழையது என்பதைப் பொறுத்தது. வெந்ததும் மேலே மிதக்கும் தோல்களைக் கரண்டியால் அள்ளி எறிந்துவிட்டால் போதும். ஒவ்வொரு கடலையாகத் தோல் உரிக்கச் சொல்பவர்களும் உண்டு. சோடாவில் குழைய வெந்த கடலைக்கு அந்த உழைப்பு தேவையில்லை என்பது என் கருத்து. டின் கடலைதான் கையில் இருக்கிறது என்றால் இரண்டு டின்னை வடித்து, புதுத் தண்ணீரும் கால் தேக்கரண்டி சோடாவும் சேர்த்து இருபது நிமிடம் கொதிக்கவிடுங்கள். டின்னிலிருந்து நேராக அரைப்பதற்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் முதல் வாயிலேயே தெரியும்.

வெந்த கடலையைச் சல்லடையில் கொட்டிப் பத்து நிமிடம் நன்றாக வடியவிடுங்கள். இங்கும் தண்ணீர்க் கணக்குதான். வெந்த தண்ணீரில் அரை கப் மட்டும் தனியே எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

இனி குடைமிளகாய். இந்த ஹம்முஸின் மொத்த மணமும் இதில்தான் இருக்கிறது, அவசரப்பட வேண்டாம். பச்சைக் குடைமிளகாய் என்பது பழுக்காத காய். அதில் லேசான கசப்பும் இலைவாடையும் இருக்கும், இதற்கு ஒத்துவராது. நன்றாகப் பழுத்த சிவப்புக் காயில்தான் இனிப்பு ஏறியிருக்கும். கையில் எடுத்தால் கனமாக, சுருக்கமில்லாமல், சதை தடித்து இருக்கிற காயாகப் பாருங்கள். சதை மெலிந்த காயைச் சுட்டால் தோலோடு சதையும் கருகிப்போய் உரிப்பதற்கு ஒன்றும் மிஞ்சாது.

கேஸ் அடுப்பில் நேரடியாகத் தீயின் மேல் வைத்து இடுக்கியால் திருப்பித் திருப்பிச் சுடுவதைத்தான் நான் விரும்புகிறேன். பத்துப் பன்னிரண்டு நிமிடத்தில் தோல் முழுதும் கறுத்துக் கொப்பளித்துவிடும். பயந்துபோய்ப் பாதியில் எடுத்துவிடாதீர்கள். சிவப்பாகத் தெரியும் இடமெல்லாம் பிறகு உரியாமல் நின்று உயிரை வாங்கும். தீ பெரிதாகவே இருக்கட்டும். சின்னத் தீயில் நேரம் போகப்போகத் தோல் கறுக்காமல் சதை மட்டும் வெந்து தொளதொளத்துப் போகும். ஓவனில் செய்வதானால் காய்களை நெட்டுவாக்கில் பாதியாக வெட்டி, விதை நீக்கி, தோல் மேலே பார்க்க அடுக்கி, 230 டிகிரி செல்சியஸில் அரை மணி நேரத்துக்குக் குறையாமல் வையுங்கள். புகை மணம் தீயில் சுட்டது அளவுக்கு வராது, ஆனால் இனிப்பு நன்றாக ஏறும். மின்சார அடுப்பு மட்டும் இருப்பவர்களுக்கு ஓவன்தான் நல்ல வழி. கால் தேக்கரண்டி ஸ்மோக்டு பாப்ரிகா (புகையூட்டிய சிவப்பு மிளகாய்ப் பொடி) சேர்த்துப் புகை மணத்தை ஓரளவு ஈடு செய்யலாம்.

சுட்டதும் ஒரு பாத்திரத்தில் போட்டு மூடி வைத்துவிடுங்கள், கால் மணி நேரம். உள்ளே கிளம்பும் ஆவியில் தோல் தானே கழன்றுவிடும். இப்போது பலர் செய்யும் காரியம், குழாயடியில் காட்டிக் கழுவுவது. தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். தோலோடு சேர்த்துப் புகை மணமும் இனிப்பான சாறும் சாக்கடைக்குப் போய்விடும், சதையும் இன்னும் கொஞ்சம் தண்ணீரைக் குடித்துக்கொள்ளும். கையாலோ கத்தியின் முதுகாலோ தோலை வழித்தெடுங்கள். அங்கங்கே கறுப்புத் துணுக்கு ஒட்டியிருந்தால் இருக்கட்டும், அதுவும் மணம்தான். பாத்திரத்தின் அடியில் தேங்கியிருக்கும் சாற்றையும் வடிகட்டி வைத்துக்கொள்ளுங்கள்.

பெரும்பாலான செய்முறைகளில் விட்டுப்போகும் படி அடுத்தது. உரித்த சதையைப் பொடியாக நறுக்கி, ஒரு மேசைக்கரண்டி எண்ணெயில், அகலமான வாணலியில், அந்தச் சாற்றோடு சேர்த்து மிதமான தீயில் வதக்குங்கள். எட்டுப் பத்து நிமிடத்தில் தண்ணீர் வற்றி, கரண்டியால் இழுத்தால் வாணலியின் அடி தெரிந்து, அந்தத் தடம் உடனே மூடாமல் நிற்கும். 200 கிராம் சதை 120 கிராமுக்குக் கிட்டே வந்திருக்கும். சுவை ஒன்றரை மடங்குக்கு மேல் செறிவாகியிருக்கும். நிறமும் மாறும். குடைமிளகாயின் சிவப்பு எண்ணெயில் கரையும் நிறமி, அதனால் எண்ணெயில் வதங்கும்போது சிவப்பு வெளியே வந்து விழுது முழுவதும் பரவும். கடலையோடு அரைத்தபின் வெளிறிய ரோஸ் நிறத்துக்குப் போகாமல் நல்ல செங்காவி நிறத்தில் நிற்பது இதனால்தான். விழுதை முழுக்க ஆறவிடுங்கள்.

சரி, காரம். குடைமிளகாயில் காரம் கிடையாது. கொஞ்சம் கூட. மிளகாயின் உறைப்புக்குக் காரணமான கேப்சைசின் அதில் உருவாவதே இல்லை. மிளகாய்களின் உறைப்பை அளக்க 1912இல் வில்பர் ஸ்கோவில் வகுத்த அளவுகோலில் அதற்குப் பூஜ்யம்தான். எனவே எத்தனை குடைமிளகாய் போட்டாலும் இனிப்புதான் கூடும். காரத்தை வேறு மிளகாயிலிருந்துதான் கொண்டுவர வேண்டும்.

அதிலும் ஒரு சிக்கல் உண்டு. கேப்சைசின் கொழுப்பில் கரையும், தண்ணீரில் அநேகமாகக் கரையாது. தஹினியில் பாதிக்கு மேல் எண்ணெய். மிளகாய்த்தூளைக் கடைசியில் மேலாகத் தூவிக் கலக்கினால் எள்ளின் கொழுப்பு அதைப் போர்த்திக்கொண்டு நாக்கில் படவிடாமல் மழுக்கிவிடும். கூடவே பச்சைத் தூளின் வாடையும் நிற்கும். அதனால் காரத்தை நான் இரண்டு இடத்தில் வைக்கிறேன். காய்ந்த மிளகாயை வெந்நீரில் இருபது நிமிடம் ஊறவைத்து, தண்ணீரைப் பிழிந்துவிட்டு, குடைமிளகாய் வதங்கும்போதே அதையும் நறுக்கிச் சேர்த்துவிடுவேன். எண்ணெயில் சேர்ந்து வதங்கும்போது காரம் விழுது முழுவதும் ஒரே சீராகப் பரவும். இது அடிக்காரம், மெதுவாக ஏறித் தொண்டையில் நிற்கும். இரண்டாவது மேல்காரம். பரிமாறும் முன் இரண்டு மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெயை லேசாகச் சூடாக்கி, அடுப்பை அணைத்துவிட்டு, ஒரு தேக்கரண்டி சில்லி ஃப்ளேக்ஸ் போட்டுக் கிளறி, ஐந்து நிமிடம் ஊறவிட்டு மேலே ஊற்றுவது. எண்ணெய் புகைகிற சூட்டில் போட்டால் மிளகாய் நொடியில் கருகிக் கசக்கும், ஆகவே அணைத்தபின் போடுவதுதான் முக்கியம். நாக்கில் முதலில் படுவது இந்த எண்ணெய் என்பதால் காரம் உடனே தெரியும்.

எவ்வளவு காரம் என்பது அவரவர் நாக்குக்கு. காரத்தைக் குறைக்க நினைப்பவர்கள் விதையைத் தட்டிவிட்டால் போதும் என்று எண்ணுகிறார்கள். கேப்சைசின் சுரப்பது விதை ஒட்டியிருக்கும் வெள்ளைச் சவ்வில், விதையில் அல்ல. சவ்வையும் சுரண்டி எடுத்தால்தான் குறையும். காரம் மிஞ்சிப்போனால் தண்ணீர் சேர்த்துச் சரி செய்ய முடியாது. இன்னும் இரண்டு ஸ்பூன் தஹினியும் ஒரு கைப்பிடி கடலையும்தான் வழி.

அரைக்கிற வேலைக்கு முன்னால் பூண்டு. பூண்டை நசுக்கும்போதுதான் அதன் எரிப்பு பிறக்கிறது. அதற்குக் காரணமான நொதி அமிலத்தில் சரியாக வேலை செய்யாது. எனவே பூண்டை எலுமிச்சைச் சாறும் உப்பும் சேர்த்தே அரைத்து, பத்து நிமிடம் வைத்திருந்து வடிகட்டிச் சாற்றை மட்டும் எடுத்தால் பூண்டு மணம் இருக்கும், மறுநாள்வரை வாயில் நிற்கும் அந்தக் காட்டம் இருக்காது. குடைமிளகாயின் மென்மையான இனிப்பைப் பச்சைப் பூண்டு அமுக்கிவிடும் என்பதால் இந்த வகைக்கு இது ரொம்பவே பொருந்துகிறது.

இப்போது தஹினியை மிக்ஸியிலோ ஃபுட் பிராசஸரிலோ போட்டு, பூண்டு எலுமிச்சைச் சாற்றை ஊற்றி ஓட்டுங்கள். பார்த்துக்கொண்டிருக்கும்போதே விழுது இறுகிச் சிமென்ட் மாதிரி ஆகிவிடும். கெட்டுவிட்டதோ என்று கலங்க வேண்டாம். அரைத்த எள்ளில் எண்ணெய்க்குள் மிதக்கும் துகள்கள் கொஞ்சம் ஈரம் பட்டதும் அதை உறிஞ்சி ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கின்றன, அவ்வளவுதான். இன்னும் ஈரம் சேர்ந்தால் தானே தளர்ந்து, வெளுத்து, க்ரீம் போலாகும். மற்ற ஹம்முஸ்களில் இந்த இடத்தில் ஐஸ் தண்ணீர் ஊற்றுவார்கள். நாம் ஊற்றப்போவது ஆறிய குடைமிளகாய் விழுது. கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்து ஓட்டுங்கள், இறுகிய எள் அதை உள்வாங்கி இளகிவரும். அப்புறம் சீரகத்தூளும் கடலையும். கடலை சூடாக இருப்பது நல்லது, ஆறிய கடலையில் மாவுச்சத்து இறுகியிருப்பதால் அத்தனை வழவழப்பு வராது. ஆறிவிட்டிருந்தால் வெந்நீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்து வடித்துக்கொள்ளுங்கள்.

மொத்தமாக அரைக்கும் நேரம் குறைந்தது நான்கு ஐந்து நிமிடம் வேண்டும். ஒரு நிமிடத்தில் மசிந்துவிட்ட மாதிரிதான் தெரியும், ஆனால் அந்த மீதி மூன்று நிமிடம்தான் நறநறப்பைப் போக்குகிறது. நடுவே இரண்டு முறை நிறுத்தி ஓரத்தை வழித்துவிடுங்கள். சிறிய மிக்ஸி ஜாரில் பாதி பாதியாக அரையுங்கள், சூடான கடலையோடு முழுக்க நிரப்பி மூடினால் ஆவி மூடியைத் தள்ளிவிடும். ஆலிவ் எண்ணெயை இதற்குள் ஊற்றி அரைக்காதீர்கள். நல்ல எக்ஸ்ட்ரா வெர்ஜின் எண்ணெயை வேகமான பிளேடில் நெடுநேரம் அடித்தால் அதன் கசப்பு வெளியே வந்துவிடும். அது மேலே ஊற்றத்தான்.

பதம் பார்ப்பதில் ஒரு சூட்சுமம். சூடாக இருக்கும்போது ஹம்முஸ் நீங்கள் விரும்புவதைவிடச் சற்றே இளக்கமாக இருக்க வேண்டும். ஆற ஆறக் கடலையின் மாவுச்சத்து இறுகும். கரண்டியால் எடுத்துச் சாய்த்தால் ஓடாமல், தொப்பென்று விழுந்து, விழுந்த இடத்தில் மெல்லப் பரவினால் சரியான பதம். அதைவிடக் கெட்டியாக இருந்தால் மட்டும் எடுத்து வைத்த கடலைத் தண்ணீரை ஒவ்வொரு மேசைக்கரண்டியாகச் சேருங்கள். பெரும்பாலும் எனக்கு ஒன்றோ இரண்டோதான் தேவைப்படுகிறது, சில நாள் அதுவும் இல்லை.

ஏற்கெனவே நீர்த்துப்போன ஹம்முஸ் இப்போது உங்கள் கையில் இருக்கிறது என்றால் கொட்டிவிடாதீர்கள். முதலில் இரண்டு மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்துப் பாருங்கள், பாதிக் குறை அதிலேயே போகும். பிறகும் ஓடினால் குழைய வெந்த கடலை ஒரு கப், தஹினி இரண்டு மேசைக்கரண்டி சேர்த்து மறுபடி அரையுங்கள். உப்பும் புளிப்பும் மீண்டும் சரி பார்க்க வேண்டியிருக்கும். ரொட்டித் தூள் போட்டுக் கெட்டியாக்கும் யோசனையை நான் சொல்லமாட்டேன். அது வேறொரு பண்டத்தின் வழி. அலெப்போ நகரத்தின் முஹம்மரா என்ற தொடுகறியில் சுட்ட சிவப்பு மிளகாயோடு அக்ரூட்டும் ரொட்டித் தூளும் மாதுளைப் பாகும் சேரும், அங்கே அது அழகாகப் பொருந்துகிறது. ஹம்முஸ் என்ற அரபுச் சொல்லுக்கே கொண்டைக்கடலை என்றுதான் பொருள். அதில் கடலையின் சுவை முன்னால் நிற்க வேண்டும், குடைமிளகாய் அதற்குத் துணை வர வேண்டும்.

பரிமாறும் முன் அரை மணி நேரமாவது ஊறவிட்டு, பிறகு உப்பும் காரமும் ருசி பாருங்கள். அரைத்த உடனே காரம் குறைவாகத் தெரிந்ததென்று மேலும் மிளகாய் சேர்த்துவிட்டு மறுநாள் கண்ணீர் விட்டவர்களை எனக்குத் தெரியும். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த குளிரில் எந்தச் சுவையும் மந்தமாகத்தான் இருக்கும், அதனால் இருபது நிமிடம் முன்னதாக வெளியே எடுத்து வைத்துவிடுங்கள். அகலமான தட்டில் பரப்பி, கரண்டியின் முதுகால் நடுவில் வட்டமாகப் பள்ளம் இழுத்து, அந்த மிளகாய் எண்ணெயை அதில் ஊற்றுங்கள். விருந்தினருக்கு வைப்பதானால் எள் ஒவ்வாமை யாருக்காவது உண்டா என்று முன்பே கேட்டுவிடுவது நல்லது. சிலருக்கு அது கடுமையாகவே இருக்கும், தஹினி உள்ளே இருப்பது பார்த்தால் தெரியாது. அப்படி யாராவது இருந்தால் சூரியகாந்தி விதையை வறுத்து அரைத்த விழுதை அதே அளவில் போட்டுச் செய்யலாம்.

மீந்ததை மூடியுள்ள பாத்திரத்தில் போட்டு, மேலே மெல்லிய படலமாக எண்ணெய் ஊற்றி ஃப்ரிட்ஜில் வைத்தால் நான்கு நாள் நன்றாக இருக்கும். வெளியில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் விடவேண்டாம். சுட்ட குடைமிளகாய் அதிகமாகிவிட்டது என்று அதையோ பூண்டையோ எண்ணெயில் மூழ்கவைத்து அலமாரியில் வைக்கிற பழக்கம் சிலருக்கு இருக்கிறது. அது ஆபத்தானது. காற்றுப் புகாத எண்ணெயில், அமிலம் குறைந்த காய்களில் பொட்டுலிசம் நச்சை உண்டாக்கும் பாக்டீரியா வளர வழி உண்டு, வாடையிலோ நிறத்திலோ அதைக் கண்டுபிடிக்க முடியாது. ஃப்ரிட்ஜில் வைத்து மூன்று நான்கு நாளில் தீர்த்துவிடுங்கள், அல்லது எண்ணெய் இல்லாமல் ஃப்ரீசரில் உறையவையுங்கள். அடுத்த முறை ஹம்முஸுக்கு அது அப்படியே உதவும். உறைந்து உருகிய குடைமிளகாய் நிறையத் தண்ணீர் விடும், எனவே வாணலியில் வதக்கும் நேரத்தை மட்டும் கொஞ்சம் கூட்டிக்கொள்ளுங்கள்.